மைம்: இல்லாத சுவரை நிற்க வைப்பது எப்படி

மேடையில் ஒருவர் காற்றில் உள்ளங்கையைப் பதிக்கிறார். பார்ப்பவர் கண்ணுக்கு அங்கே ஒரு சுவர் தெரிந்துவிட்டால் அது மைம். "சுவர் என்று காட்டுகிறார் போல" என்று அவர் யோசித்துக் கண்டுபிடிக்க வேண்டியிருந்தால் அது வெறும் சைகை. புதிதாகக் கற்பவர்கள் இந்த வித்தியாசத்தை முகத்தில் தேடுகிறார்கள். கண்ணை உருட்டுகிறார்கள், வாயைப் பிளக்கிறார்கள். சுவர் இருப்பதோ கையில். பதித்த கை பதித்த இடத்திலேயே நின்றால் சுவர் நிற்கும். கை இரண்டு விரற்கடை நகர்ந்தால் சுவரும் நகரும், நகர்கிற சுவரை யாரும் நம்ப மாட்டார்கள்.

பிரெஞ்சு மைம் மரபில் இதற்கு நிலைப்புள்ளி என்று பெயர். எத்தியேன் தெக்ரூ (1898–1991) நடிகரின் உடலைப் பகுதி பகுதியாகப் பிரித்துப் பழக்கும் முறையை வகுத்தார். அவரிடம் கற்ற மார்செல் மார்சோ (1923–2007), 1947-இல் பிப் என்ற பாத்திரத்தை உருவாக்கி, கோடு போட்ட சட்டையும் நசுங்கிய தொப்பியில் ஒரு சிவப்புப் பூவுமாக உலகம் முழுக்கச் சுற்றினார். ழாக் லெகோக் 1956-இல் பாரிஸில் தன் பள்ளியைத் தொடங்கினார். இவர்களின் பாணிகள் வேறு வேறு. ஆனால் நிலைப்புள்ளியைத் தாண்டிப் போக மூன்று பேரிடமும் குறுக்குவழி கிடையாது.

தொடங்கும் முன்

பத்தடிக்குப் பத்தடி வெற்றுத் தரை போதும். வெறுங்காலோடு அல்லது மெல்லிய அடியுள்ள கேன்வாஸ் செருப்போடு நில்லுங்கள். மூட்டுகளின் மடிப்பு தெரிகிற மாதிரி, உடம்பை ஒட்டிய கறுப்பு உடை வேண்டும். தொளதொள சட்டைக்குள் முழங்கை எங்கே இருக்கிறது என்று உங்களுக்கே தெரியாது. செல்போனை 12 அடி தள்ளி, மார்பு உயரத்தில், தலை முதல் கால் வரை தெரியும்படி வையுங்கள். நிலைக்கண்ணாடி முதல் வாரத்துக்கு மட்டும்தான். அதற்கு மேல் கண்ணாடியைப் பார்த்துப் பழகினால் கண் எப்போதும் உங்களையே தேடும், இல்லாத பொருளின் மேல் நிற்காது.

தினமும் முதல் பத்து நிமிடம் உடலைப் பிரித்துப் பழகுங்கள். தலை, கழுத்து, மார்பு, இடை, இடுப்பு என ஐந்து பகுதிகள். முதலில் தலையை மட்டும் வலப்பக்கம் சாயுங்கள், கழுத்து அசையக்கூடாது. அடுத்து கழுத்தும் சேரட்டும், பிறகு மார்பு, இடை, இடுப்பு. கடைசியில் கணுக்காலிலிருந்து முழு உடலும் ஒரே கம்பமாகச் சாய வேண்டும். இந்தச் சாய்வை தெக்ரூ ஈபிள் கோபுரம் என்று அழைத்தார். திரும்பும்போது கீழிருந்து ஒவ்வொன்றாக நிமிருங்கள். வலம், இடம், முன், பின் என நான்கு திசையிலும் செய்யுங்கள். மார்பைச் சாய்க்கும்போது எல்லோருக்கும் தோளும் கூடவே தூக்கிக்கொள்ளும். அதைச் சரிசெய்யாமல் சுவருக்குப் போகாதீர்கள். தோள் தூக்கினால் கை இழுபடும், கை இழுபட்டால் சுவர் போச்சு.

சுவர்

1. சுவர் இருக்க வேண்டிய இடத்திலிருந்து ஒன்றரை அடி தள்ளி நில்லுங்கள். கால்கள் தோள் அகலத்தில், முழங்கால் லேசாகத் தளர்ந்து இருக்கட்டும்.

2. கையைத் தூக்கும் முன் சுவரைப் பாருங்கள். பார்வை ஒன்றரை அடியில் நிற்க வேண்டும். அதைத் தாண்டிப் பார்வையாளர் மேல் விழுந்தால் அந்தச் சுவரில் ஓட்டை விழுந்த மாதிரிதான்.

3. கை தளர்வாக, விரல்கள் சற்றே தொங்கியபடி முன்னே போகட்டும். முதலில் நடுவிரல் நுனி படும், பிறகு மற்ற விரல்கள், பிறகு உள்ளங்கை "டக்" என்று தட்டையாகும். அந்தச் சிறு வெட்டுதான் சுவரின் கெட்டித்தன்மை. வழவழவென்று போய் நிற்கிற கை பஞ்சு மெத்தையைத் தொடுகிறது.

4. இப்போது கையை அப்படியே விட்டுவிட்டு உடலை இடவலமாக நகர்த்துங்கள். முழங்கை மடிந்தும் நீண்டும் அந்தத் தூரத்தை ஈடுகட்டும். உள்ளங்கை இம்மியும் நகரக்கூடாது.

5. இரண்டாவது கையை அதே தளத்தில், வேறு உயரத்தில் பதியுங்கள்.

6. எடுக்கும்போது முதலில் விரல்களின் விறைப்பு போகும், பிறகு உள்ளங்கை விலகும், பிறகு கை நகரும். ஒரு கை பதிந்திருக்கும்போதுதான் மறு கை எடுக்கலாம். இரண்டையும் சேர்த்து எடுத்தால் அந்த அரை நொடியில் சுவர் காணாமல் போகும்.

நான்காவது படியில்தான் பெரும்பாலோர் மாட்டிக்கொள்கிறார்கள். உடல் வலப்பக்கம் போகும்போது கையும் கொஞ்சம் கூடப் போகும், செய்கிறவருக்குத் தெரியவே தெரியாது. நிஜச் சுவரில் கை வைத்து, உடலை மட்டும் இருபது தடவை நகர்த்துங்கள். தோளிலும் முழங்கையிலும் என்ன நடக்கிறது என்பதைக் கவனியுங்கள். பிறகு ஒரு அடி பின்னால் வந்து அதையே காற்றில் செய்யுங்கள்.

தளம் வளைவது அடுத்த பிழை. நேரே முன்னால் வைத்த கை ஒன்றரை அடியில் இருக்கும், பக்கவாட்டில் வைத்த கை உங்களை நோக்கி வளைந்து ஓரடியில் இருக்கும். பார்ப்பவருக்கு அது சுவராகத் தெரியாது, பீப்பாயாகத் தெரியும். இதற்கு நல்ல வைத்தியம் வீட்டு வாசல்நிலைதான். நிலையின் குறுக்கே தோள் உயரத்தில் ஒன்றும் வயிற்று உயரத்தில் ஒன்றுமாக இரண்டு தையல் நூல்களை இறுக்கிக் கட்டுங்கள். கை நூலைத் தொட வேண்டும், தள்ளக்கூடாது. நூல் அதிர்ந்தால் கை சுவருக்குள் போய்விட்டது. பத்து முறை அதிராமல் வைக்க முடிந்தால் நூலை அவிழ்த்துவிடலாம்.

சுவரைத் தள்ளும் நடிப்பில் தலை முன்னே போய் உள்ளங்கையின் தளத்தைத் தாண்டிவிடும். பக்கவாட்டிலிருந்து வீடியோ எடுத்தால் மட்டுமே இது தெரியும். மூக்கு சுவரில் நசுங்குகிற நகைச்சுவை வேண்டுமென்றால், மூக்கு நுனியும் இரண்டு உள்ளங்கைகளும் ஒரே கோட்டில் இருக்கட்டும்.

கயிறு

கயிறு என்றால் எந்தக் கயிறு? தேர் வடத்தைக் கைக்குள் அடக்க முடியாது, விரலும் கட்டைவிரலும் சந்திக்காது. கிணற்றுக் கயிறு என்றால் முஷ்டிக்குள் ஒரு சுண்டுவிரல் நுழையும் இடைவெளி இருக்கும். பட்டத்து நூலுக்கு இரண்டு விரல் போதும். எதைப் பிடிக்கிறீர்களோ அந்த இடைவெளியைக் கடைசி வரை காப்பாற்றுங்கள். முஷ்டியை இறுக்கி மூடிவிட்டால் உள்ளே கயிறு இல்லை என்பதை நீங்களே காட்டிக்கொடுத்துவிட்டீர்கள்.

இரண்டு கைக்கும் நடுவே ஒன்றரை அடி. இழுக்கும்போது இந்த இடைவெளி கூடவோ குறையவோ கூடாது. குறைந்தால் அது ரப்பர். முன்கால் மடக்கி, எடையை அதன் மேல் வைத்துத் தொடங்குங்கள். இழுவை இடுப்பில் பிறக்கிறது: முதலில் இடுப்பு பின்னே போகும், அடுத்து மார்பு, கடைசியில்தான் கைகள் வரும். கைகள் முதலில் வந்தால் அந்தக் கயிற்றின் மறுமுனையில் ஒன்றுமே கட்டியிருக்கவில்லை என்று ஆகிவிடும். எதிராளி இழுத்தால் வரிசையும் தலைகீழாகும்: கைகள் முதலில் முன்னே பிடுங்கப்படும், மார்பு பின்தொடரும், கால்கள் கடைசியாகத் தடுமாறி வரும். இந்த வரிசை மாற்றம் ஒன்றாலேயே கண்ணுக்குத் தெரியாத இன்னொரு ஆளை மேடையில் நிறுத்திவிடலாம்.

பின்கை விட்டு முன்னே போய்ப் பிடிக்கும்போது முன்கை காற்றில் ஆணி அடித்த மாதிரி நிற்க வேண்டும். சுவரில் பழகிய அதே நிலைப்புள்ளிதான். வேகமாகச் செய்தால் இது கலைந்துவிடும், அதனால் முதல் இரண்டு வாரம் ஒரு இழுப்புக்கு நான்கு எண்ணிக்கை எடுத்துக்கொள்ளுங்கள்.

எடைக்கும் இதே கணக்கு. வலக்கையில் தண்ணீர் நிறைந்த வாளி என்றால் வலது தோள் இறங்கும், இடது கை பக்கவாட்டில் விலகிச் சமன் செய்யும், அடிகள் குறுகும், மணிக்கட்டு நேராக இழுபட்டிருக்கும். வாளியை வைத்துவிட்டு நிமிரும்போது தோள் மேலே வருவதிலும் மூச்சு வெளியேறுவதிலும்தான் அது எவ்வளவு கனம் என்று தெரியும். நிறையப் பேர் தூக்குவதை நன்றாகச் செய்துவிட்டு, இறக்கிவைத்ததும் ஒன்றுமே நடக்காததுபோல நடந்துபோகிறார்கள்.

ஒரு கிளாஸ் டீ

சின்னப் பொருளில்தான் கலைஞரின் தரம் தெரியும். டீக்கடைக் கண்ணாடிக் கிளாஸை எடுத்துக்கொள்ளுங்கள். சூடான டீயை யாரும் முழுக்கையால் சுற்றிப் பிடிப்பதில்லை. கட்டைவிரலும் நடுவிரலும் விளிம்பை ஒட்டிப் பிடிக்கும், ஆள்காட்டி விரல் சற்றுத் தள்ளி நிற்கும், சில பேர் சுண்டுவிரலை அடியில் கொடுப்பார்கள். உதட்டுக்குக் கொண்டுபோகும்போது டீயின் மட்டம் சாயாதபடி மணிக்கட்டு தன்பாட்டில் திரும்பிக்கொள்ளும். உதடு முன்னே வந்து கிளாஸைச் சந்திக்கும், ஒரு சின்ன ஊதல், பிறகு உறிஞ்சல்.

நிஜ டீயோடு பத்துத் தடவை செய்யுங்கள். உடனே கிளாஸை வைத்துவிட்டு, விரல்களின் நினைவு ஆறும் முன் வெறுங்கையால் செய்யுங்கள். விரல்களுக்கு நடுவே உள்ள இடைவெளி கடைசி வரை மாறக்கூடாது. பெஞ்சில் வைக்கும்போது முதலில் அடிப்பாகம் பெஞ்சைத் தொட வேண்டும் (அங்கே ஒரு சிறிய "டக்"), பிறகு விரல்கள் விரிய வேண்டும், அதன் பிறகே கை மேலே வர வேண்டும். விரியாமலே கை வந்துவிட்டால் கிளாஸும் கையோடு வந்துவிடும். அடுத்த நிமிடம் அதே கிளாஸை எடுக்க வேண்டியிருந்தால் வைத்த இடத்திலேயே எடுங்கள். பார்வையாளர் அந்த இடத்தை நன்றாக நினைவில் வைத்திருப்பார்.

பரதநாட்டியம் கற்றவர்களுக்கு இங்கே ஒரு எச்சரிக்கை. கை போகும் இடத்துக்குக் கண் போக வேண்டும் என்பது அங்கே பாலபாடம். மைமில் கண் முன்னே போய்ப் பொருளைக் கண்டுபிடிக்கிறது, பிறகு மார்பு திரும்புகிறது, கை மூன்றாவதாகத்தான் வருகிறது. முத்திரைகளையும் வெளியே கழற்றிவைத்துவிட்டு வர வேண்டும். முத்திரையில் கை பூவைக் குறிக்கிறது. மைமில் கைக்குக் குறிக்கும் வேலை கிடையாது, காம்பைப் பிடிக்கும் வேலைதான்.

நின்ற இடத்தில் நடை

தெக்ரூவும் பிரெஞ்சு நடிகர் ழான்-லூயி பாரோவும் 1930-களின் தொடக்கத்தில் சேர்ந்து உருவாக்கியது இந்த நடை. பார்வையாளருக்குப் பக்கவாட்டில் நில்லுங்கள். எடை முழுக்க இடது காலில். வலது கால் அதன் பக்கத்தில், முழங்கால் முன்னே மடங்கி, பெருவிரல் அடி தரையில், குதிகால் தூக்கி இருக்கட்டும். இப்போது வலது குதிகாலைத் தரைக்கு இறக்கி எடையை அதன் மேல் மாற்றுங்கள். அதே நேரத்தில் இடது கால் முழங்கால் மடங்காமல், பாதம் தட்டையாகத் தரையை உரசியபடி ஓரடி பின்னே வழுக்கிப் போகட்டும். பிறகு இடது முழங்கால் மடங்கி முன்னே வந்து, குதிகால் தூக்கியபடி பக்கத்தில் நிற்கும். இனி அதே வேலை அடுத்த காலுக்கு.

பார்ப்பவர் கண் ஏமாறும் இடம் பின்னே வழுக்கும் கால்தான்: எடையே இல்லாத அந்தக் காலை எடை தாங்கும் காலாக நினைத்துவிடுகிறார்கள். அதனால் அது மடங்கக்கூடாது, தரையை விட்டு எழவும் கூடாது. எந்த முழங்கால் முன்னே வருகிறதோ அதன் எதிர்க்கை முன்னே வரும். தலை மேலும் கீழும் குதித்தால் எடை மாற்றம் முரடாக நடக்கிறது என்று அர்த்தம், வேகத்தைப் பாதியாக்குங்கள். தரையில் சாக்பீஸால் ஒரு கோடு போட்டு, ஐம்பது அடி நடந்த பிறகும் அதே கோட்டில் இருக்கிறீர்களா என்று பாருங்கள்.

சிரிப்பு எங்கே பிறக்கிறது

மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் சிறுவயதில் குடும்பத்தோடு மேடையேறியபோதே ஒன்றைக் கண்டுகொண்டார்: அடிபட்டு விழுந்ததும் தான் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை, முகத்தை மாற்றாமல் இருந்தால் விழுந்து விழுந்து சிரிக்கிறது. பின்னாளில் அந்த மாறாத முகமே அவருடைய அடையாளமானது. நீங்கள் நடிக்கும் ஆளுக்கு அது வேடிக்கையாக இருக்கக்கூடாது. அவருக்கு ஒரு வேலை ஆக வேண்டும், அது ஆகவில்லை, அவ்வளவுதான்.

ஒரு காட்சியாகவே பார்க்கலாம். டீக்கடை பெஞ்சில் இரண்டு பேர். முதல் ஆளின் ஒரு கையில் டீ, மறு கையில் பன். மூக்கில் ஈ உட்காருகிறது. உதட்டைக் கோணி மேல்நோக்கி ஊதுகிறார், போய்விட்டு வருகிறது. தலையை உதறுகிறார், டீ தளும்பிக் கையைச் சுடுகிறது. கிளாஸை வைக்க இடம் தேடுகிறார், பெஞ்சில் இடமில்லை. பக்கத்து ஆளிடம் நீட்டுகிறார். அவர் கையிலும் ஒரு டீ, மறு கையால் வாங்கிக்கொள்கிறார். முதல் ஆளுக்கு இப்போது ஒரு கை காலி. நிதானமாக மூக்கை நோக்கிக் கையைத் தூக்குகிறார். ஈ எழுந்து போய் இரண்டு கையும் நிறைந்த அந்த ஆளின் மூக்கில் உட்காருகிறது. முதல் ஆள் அதைப் பார்க்கிறார், கையிலிருக்கும் பன்னைப் பார்க்கிறார், சாப்பிடத் தொடங்குகிறார்.

ஈ பறப்பதைக் காட்டுவது கண். இரண்டு பேரின் கண்ணும் ஒரே பாதையில், ஒரே வேகத்தில் போக வேண்டும். ஒத்திகையில் மூன்றாவது ஆள் ஒரு குச்சி நுனியில் பஞ்சைக் கட்டி, ஈ போகும் வழியெல்லாம் காட்டட்டும். இருபது தடவைக்குப் பிறகு குச்சியை எடுத்துவிடுங்கள். இரண்டு முயற்சி தோற்று மூன்றாவதில் திருப்பம் வருவதற்குக் காரணம் உண்டு: முதலாவது பிரச்சினையைச் சொல்கிறது, இரண்டாவது அதைப் பழக்கமாக்குகிறது, மூன்றாவது அந்தப் பழக்கத்தை உடைக்கிறது. நான்காவது முயற்சி வைத்தால் தொய்ந்துவிடும்.

திகைப்பிலும் ஒரு கணக்கு இருக்கிறது. ஒன்றைப் பார்க்கிறீர்கள், மனதில் பதியாமல் முகத்தைத் திருப்புகிறீர்கள், ஒரு மூச்சு நேரம் ஒன்றும் இல்லை, பிறகு தலை வெட்டித் திரும்புகிறது. அந்த ஒரு மூச்சைத்தான் எல்லோரும் அவசரத்தில் தின்றுவிடுகிறார்கள். அந்த இடைவெளியில்தான் பார்வையாளர் உங்களுக்கு முன்னால் புரிந்துகொண்டு சிரிக்கத் தயாராகிறார்.

வசனம் இல்லாதபோது காரணம் கண்ணுக்குத் தெரிய வேண்டும். 1931-இல் வெளியான 'சிட்டி லைட்ஸ்' படத்தில், பார்வையற்ற பூக்காரப் பெண் ஏழை நாடோடியைப் பணக்காரர் என்று எப்படி நினைக்கிறாள் என்பதைச் சொல்ல முடியாமல் சாப்ளின் அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்தார். கடைசியில் விடை கார் கதவில் கிடைத்தது: நெரிசலில் நிற்கும் காரின் ஒரு பக்கம் ஏறி மறுபக்கம் இறங்குகிறார், கதவு சாத்தும் சத்தத்தை அவள் கேட்கிறாள். உங்கள் கதையிலும் "இதை எப்படிச் சொல்வது" என்று முட்டும் இடத்தில் முகபாவத்தைக் கூட்டாதீர்கள். ஒரு கதவைத் தேடுங்கள்.

அடியும் விழுதலும்

அறை விழும்போது கை முகத்துக்கு முக்கால் அடி முன்னாலேயே கடந்து போக வேண்டும். அடிப்பவர் அல்லது வாங்குபவர், யாராவது ஒருவரின் முதுகு பார்வையாளரை நோக்கி இருந்தால் அந்த இடைவெளி தெரியாது. சத்தம் எழுப்புவது வாங்குபவரின் வேலை: மார்புக்கு முன் மறைவில் ஒரு தட்டு, அதே நொடியில் தலை திரும்பல். தொடங்கும் முன் இருவர் கண்ணும் சந்தித்தே ஆக வேண்டும். சந்திக்காவிட்டால் அன்று அறை கிடையாது.

தடுக்கி விழ, பின்னே வரும் காலின் பெருவிரலை முன்காலின் குதிகாலில் மாட்டிவிடுங்கள். விழும் வரிசை: கணுக்கால் தளரும், முழங்கால் மடங்கும், தொடையின் வெளிப்புறம், பிட்டத்தின் பக்கவாட்டுச் சதை, விலாப்பக்க முதுகு, தோள். தாடை மார்போடு ஒட்டியிருக்க வேண்டும், மூச்சை விட்டபடி விழ வேண்டும். மூச்சைப் பிடித்தால் உடம்பு கட்டையாகிவிடும். வால் எலும்பின் மேல் உட்கார்ந்து விழுவதும், கையை விறைப்பாகப் பின்னால் ஊன்றுவதும் எலும்பு முறிவில் கொண்டுபோய் விடும். குறைந்தது 2 அங்குலக் கனமுள்ள ஜிம் மேட்டில், முதல் வாரம் உட்கார்ந்த நிலையிலிருந்து, அடுத்த வாரம் குந்திய நிலையிலிருந்து, அதற்குப் பிறகு நின்றபடி. 1928-இல் ஒரு படத்தில் கீட்டன் மேல் ஒரு வீட்டின் முகப்பே சரிந்து விழுந்து, திறந்த ஜன்னல் அவர் நின்ற இடத்தில் வந்து இறங்கியது. அது அளந்து வைத்த இடம். அளக்காமல் எதையும் செய்யாதீர்கள்.

வெள்ளைப் பூச்சு

தண்ணீரில் கரையும் வெள்ளை பான்கேக் முகப்பூச்சு வாங்குங்கள். போஸ்டர் கலரும் பெயிண்டும் முகத்துக்கு ஆகாது, தோல் வெந்துபோகும். முந்தின நாளே முழங்கை மடிப்பில் கொஞ்சம் தடவிப் பாருங்கள். மாய்ஸ்சரைசர் தடவிப் பத்து நிமிடம் விட்டு, ஈர ஸ்பாஞ்சால் மெல்லிய இரண்டு பூச்சு, தாடை எலும்போடு நிறுத்துங்கள். கனமாக ஒரே பூச்சாகப் பூசினால் சிரிப்புக் கோடுகளில் வெடிக்கும். பவுடரை ஒற்றி எடுங்கள், தேய்க்காதீர்கள். கண்ணைச் சுற்றி மெல்லிய கறுப்புக் கோடு, புருவம் கொஞ்சம் தூக்கலாக, உதடு இயல்பைவிடச் சிறியதாக. கலைக்கும்போது முதலில் தேங்காய் எண்ணெய், பிறகு சோப்பு.

குழுவாகப் போட்டிக்குப் போகிறவர்களுக்கு

பல்கலைக்கழக இளைஞர் விழாக்களில் மைமுக்குப் பெரும்பாலும் ஆறு பேர், ஐந்து நிமிடம். அந்த ஐந்து நிமிடத்தில் ஒரு மனிதரின் முழு வாழ்க்கையையும் ஒரு சமூகச் செய்தியையும் அடைக்கப் பார்ப்பதால்தான் பல குழுக்கள் தோற்கின்றன. ஒரு இடம், ஒரு பிரச்சினை போதும். ஒருவர் கதவை எங்கே வைத்தாரோ, மற்ற ஐந்து பேரும் அதே கதவைத் திறந்துதான் போக வேண்டும். தரையில் டேப் ஒட்டிப் பழகுங்கள். பின்னணி இசையைக் கடைசி வாரத்தில் சேருங்கள். முதலிலேயே சேர்த்தால் சோகத்தைப் பாட்டு சொல்லிவிடும், உடம்பு சும்மா இருந்துவிடும்.

தயாரானதும், ஒத்திகையை ஒருமுறைகூடப் பார்க்காத ஒருவரை உட்காரவைத்து, இசையில்லாமல் செய்து காட்டுங்கள். நன்றாக இருந்ததா என்று கேட்காதீர்கள், என்னென்ன பார்த்தீர்கள் என்று கேளுங்கள். அவர் சொல்வதை வரிசையாக எழுதிக்கொள்ளுங்கள். "ஏதோ குடித்தார்" என்றால் உதட்டில் தவறில்லை, கிளாஸின் அளவு மாறியிருக்கிறது. "தண்ணீர் குடித்தார்" என்றால் கிளாஸ் நின்றுவிட்டது, சூடு வரவில்லை. விளிம்பைப் பிடித்த அந்த இரண்டு விரலுக்குத் திரும்பிப் போங்கள்.